நகர்வது தீவு

ஃபிராங்க் ஹேர்பேட் எழுதி 1965இல் வெளிவந்த ‘டியூன்’ என்ற விஞ்ஞான நாவலில் மீகாமர் சங்கம் ஒன்று வருகிறது. ஒருவகை மசாலாவை உட்கொண்டு, வரப்போகும் காலத்தை முன்கூட்டியே கண்டு, அதற்குள் ஆபத்தில்லாத பாதையைத் தெரிந்தெடுத்து விண்கப்பல்களை ஓட்டுகிறவர்கள் அவர்கள். அவர்கள் இல்லாமல் ஒரு கிரகத்திலிருந்து இன்னொன்றுக்கு யாரும் போகமுடியாது. ஆகவே பேரரசனே அவர்களைப் பகைக்கப் பயப்படுகிறான். பன்னிரண்டு வருடமாக றெஸ்ரோரண்ட் குசினியில் மசாலாவோடு மாரடிக்கும் எனக்கு, அதை உண்டு காலத்தைக் கண்டவர்களைப் பற்றி வாசித்தபோது சிரிப்பு வந்தது. கற்பனைதானே என்று புத்தகத்தை மூடியும் வைத்தேன்.

ஆனால் மந்திரமும் இரகசியமும் விரதமும் கொண்ட மீகாமர் சங்கங்கள் இப்பூமியில் உண்மையாகவே இருந்தன. பசுபிக் சமுத்திரத்தின் மேற்குப் பக்கத்தில், குவாமுக்குத் தெற்கே சிதறிக் கிடக்கும் கரோலின் தீவுகளில் இருந்தன. அவர்கள் காலத்தினூடாகவும் பயணம் செய்தார்கள் என்று சொன்னால் அதில் மிகை அதிகமில்லை.

முதலில் இடத்தைச் சொல்லவேண்டும். இவற்றில் பல, கடல் மட்டத்திலிருந்து சில மீற்றர் மட்டுமே உயர்ந்த பவளத் தீவுகள். சத்தவால் என்ற தீவு ஒன்றரைச் சதுர கிலோமீற்றர்கூட வராது; சனத்தொகை ஏறக்குறைய ஐந்நூறு. வள்ளத்தில் இருந்து பார்ப்பவனுக்குப் பத்து மைலுக்கு அப்பால் அத்தீவின் தென்னந்தலைகூடத் தெரியாது. அப்படியான ஒரு புள்ளியிலிருந்து புறப்பட்டு, நூறு, இருநூறு, ஐந்நூறு மைல்களுக்கு அப்பாலுள்ள இன்னொரு புள்ளியைத் திசைகாட்டியோ வரைபடமோ இல்லாமல் கண்டுபிடிக்கவேண்டும். வீரத்துக்காகச் செய்த காரியமல்ல இது. சூறாவளி வந்து ஈரப்பலாவை முறித்து, சேம்புக் குழிகளில் உப்புத் தண்ணீரை நிரப்பிவிட்டால், அடுத்த தீவுக்குப் போகத் தெரிந்தவன் இல்லாத ஊர் பட்டினியால் சாகும். சங்கத்தின் அதிகாரம் இங்கிருந்துதான் வந்தது.

புலுவத் தீவில் வெரியெங், பானூர் என இரண்டு பிரிவுகள் இருந்தன. ஆங்கில நூல்கள் இவற்றைப் ‘பள்ளிகள்’ என்கின்றன. எனக்கென்னவோ சங்கம் என்ற சொல்தான் பொருத்தமாகப் படுகிறது. சேர்வதற்கு உறவு வேண்டும், அல்லது விலை கொடுக்கவேண்டும். ஒரு பிரிவு தன் அறிவை மற்றதற்குக் காட்டாது. படிப்பு வள்ளக் கொட்டிலில் நடக்கும். கற்று முடித்தவனுக்கு ‘ப்வோ’ என்ற சடங்கு செய்து மீகாமன் என்று ஏற்றுக்கொள்வார்கள். அதன்பிறகு அவனுக்குச் சில உணவுகள் விலக்கு. அவன் சாப்பாடு புறம்பு. பயணத்துக்கு முன் மனைவியிடமிருந்து விலகியிருக்கவேண்டும். புயலைக் கலைக்கவும் சுறாவை விரட்டவும் அவனிடம் மந்திரங்கள் உண்டு. கரும்மேகம் திரண்டு வரும்போது வள்ளத்தில் எழுந்து நின்று அதைப் பார்த்து மந்திரம் சொல்வான்.

இந்தக் கலை எப்படி வந்தது என்பதற்கு அங்கே ஒரு கதை சொல்கிறார்கள். கடற்கரைக்கு வந்த ஒரு பறவைக்கு ஒரு பெண் உணவு கொடுத்தாளாம். பறவை வடிவில் வந்தது ஓர் ஆவி. சாப்பாட்டுக்குக் கைமாறாக அது கடல் வழிகளையெல்லாம் அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததாம். அவளிடமிருந்து மகனுக்கும், மகனிடமிருந்து மற்றவர்களுக்கும் போனதாம். முதல் மாணவி ஒரு பெண். ஆனால் ப்வோ பெற்று வள்ளத்தில் ஏறியவர்கள் எல்லாரும் ஆண்கள். உலகத்தின் எந்த மூலைக்குப் போனாலும் இந்தக் கணக்கு மட்டும் மாறுவதில்லைப் போலும்.

கொட்டிலில் ஒரு பாயை விரித்து, பவளக் கற்களை வட்டமாக அடுக்குவார்கள். ஒவ்வொரு கல்லும் ஒரு நட்சத்திரம் உதிக்கும் அல்லது மறையும் இடம். மொத்தம் 32 புள்ளிகள். நடுவில் வள்ளத்துக்கு அடையாளமாக ஓலையால் ஒரு சிறு உருவம். ஆசிரியன் ஒரு தீவின் பெயரைச் சொன்னதும், அங்கிருந்து சுற்றிவர எந்தத் தீவுக்கு எந்த நட்சத்திரத்தின் கீழ் போகவேண்டும் என்று பையன் ஒப்பிக்கவேண்டும். பிறகு அடுத்த தீவு. வட்டத்தின் தலைமை நட்சத்திரம் ‘மைலாப்’. நாம் திருவோணம் என்று சொல்வது. கார்த்திகை, உரோகிணி, கேட்டை, மூலம், அத்தம் என்று எங்கள் பஞ்சாங்கத்தில் உள்ள வேறு பலவும் அவர்களுடைய வட்டத்திலும் உண்டு. நாங்கள் அவற்றை வைத்துக் கல்யாணத்துக்கு நாள் பார்த்தோம். அவர்கள் ஈரப்பலா தேடிப் போனார்கள்.

நட்சத்திரங்களோடு முடிவதில்லை. குறித்த இடத்தில் மெதுவாக நீந்தும் ஒரு சுறா, கண்ணுக்குப் பின்னால் சிவந்த புள்ளியுள்ள ஒரு திருக்கை, தனியாகப் பறந்து சத்தமிடும் ஒரு பறவை என்று நீண்ட பட்டியல்களையும் மனனம் செய்யவேண்டும். வழி தவறிய மீகாமன் இவற்றில் ஒன்றைக் கண்டால் தான் நிற்கும் இடத்தை அறிந்துகொள்வானாம். யாருமே கண்டிராத பேய்த்தீவுகளும் இப்பட்டியல்களில் உண்டு. இதை மூடநம்பிக்கை என்று தள்ளலாம். ஆனால் எழுத்தே இல்லாத ஒரு சமூகம் இத்தனை திசைகளையும் தூரங்களையும் எப்படித் தலையில் சுமக்கும்? மந்திரமும் பாட்டும் பேய்க்கதையும் அவர்களுடைய றாக்கைகள். புத்தகம் அடுக்க மரப்பலகை வைத்திருப்பவன் அதைப் பார்த்துச் சிரிக்கத் தேவையில்லை. பல்கலைக்கழகத்தில் இரண்டு வருடம் வரலாறு படித்துப் பாதியில் விட்டவன் நான். எழுத்துச் சான்று இல்லாத இடத்தில் வரலாறு தொடங்குவதில்லை என்பது அங்கே முதல் மாதத்திலேயே எங்களுக்குச் சொல்லித்தந்த பாடம்.

இவர்களுடைய கணக்கில் என்னை மிகவும் திகைக்க வைத்தது ‘எத்தாக்’ என்ற முறை. ஒரு தீவிலிருந்து இன்னொன்றுக்குப் போகும்போது, பாதைக்கு ஒரு பக்கமாக, பார்வைக்கு எட்டாத தூரத்திலுள்ள மூன்றாவது தீவொன்றை மீகாமன் மனதில் வைத்துக்கொள்கிறான். வொலேயாய்த் தீவிலிருந்து கிழக்கே ஒலிமராவுக்குப் போகிறான் என்று வைத்துக்கொள்வோம். வடபுறத்தில் பராவுலெப் என்ற தீவு இருக்கிறது. புறப்படும்போது அது வடக்குக்குச் சற்றுக் கிழக்கே, ஒரு நட்சத்திரம் உதிக்கும் இடத்துக்குக் கீழே இருக்கும். வள்ளம் போகப்போக அத்தீவு அடுத்த நட்சத்திரத்தின் கீழும், பிறகு அதற்கடுத்ததன் கீழும் பின்னோக்கிச் செல்லும். வடமேற்கே குறித்த நட்சத்திரத்தின் கீழ் அது வந்துவிட்டால் ஒலிமராவ் அருகில் வந்துவிட்டது என்று பொருள். இத்தனைக்கும் பயணம் முழுவதும் பராவுலெப் ஒரு தடவையேனும் கண்ணுக்குத் தெரிவதில்லை. வேகத்தையும் கழிந்த நேரத்தையும் கொண்டு, அது இப்போது எங்கே இருக்கும் என்று அவன் மனதிலேயே கணிக்கிறான். மைல் என்ற அளவு அவனிடம் இல்லை. எத்தனை நட்சத்திரத்தைத் தீவு கடந்தது என்பதே அவனுடைய தூரம்.

இதிலே முக்கியமான விடயம், வள்ளம் நகர்வதாக அவன் நினைப்பதில்லை என்பது. வள்ளம் அசையாமல் நிற்கிறது. மேலே நட்சத்திரங்களின் பாதை நிலையானது. தீவுகள்தான் வருகின்றன, போகின்றன. 1967இல் புலுவத்தில் தங்கியிருந்து ஆராய்ந்த தோமஸ் கிளாட்வின் இதைத் தனது நூலில் விரிவாக விளக்கினார். பின்னர் வந்த அறிவியலாளர்கள் சிலர், வரைபடத்தை மேலிருந்து பார்த்துப் பழகிய எமது மூளைக்குத்தான் இது விநோதமாகத் தெரிகிறது என்றார்கள். விமானத்தில் ஏறி வந்த எங்களுக்கு இது அவ்வளவு விநோதம் என்று நான் நினைக்கவில்லை. நாங்கள் ஆசனத்தில் அசையாமல்தான் இருந்தோம்.

இனிக் காலத்துக்கு வருவோம். கரோலின் மீகாமர்கள் முன்னொரு காலத்தில் குவாமுக்குப் போய் வியாபாரம் செய்தவர்கள். 1668இல் ஸ்பானியர் குவாமில் குடியேற்றம் அமைத்து, அங்குள்ள சமோறோ மக்களைக் கொன்றும் அடக்கியும் ஆளத் தொடங்கியபின் அப்போக்குவரத்து நின்றுபோனது. தலைமுறைகள் கழிந்தன. 1788இல் லமோற்றெக் தீவைச் சேர்ந்த லூயித்தோ என்ற மீகாமன் குவாமுக்கு வந்து சேர்ந்தான். அந்தப் பாதையில் அவன் அதற்கு முன் போனதில்லை. வழி எப்படித் தெரியும் என்றால், பழைய பாட்டுகளில் இருந்தது. கொடுமையைக் கண்டு ஒதுங்கிய முன்னோர், தாங்களே போக விரும்பாத ஒரு துறைமுகத்துக்கான வழியைப் பேரப்பிள்ளைகளுக்குப் பாட்டாகச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். வாய்க்கு வாய் வந்த நட்சத்திரப் பெயர்களின் வரிசையை நம்பி ஒருவன் வள்ளத்தைத் தள்ளியிருக்கிறான். இதைக் காலப்பயணம் என்று சொல்லாமல் வேறு எதைச் சொல்வது?

லூயித்தோ 1789இல் மீண்டும் குவாமுக்கு வந்தான். திரும்பும் வழியில் கடலில் மறைந்துபோனான். ஊரில் இருந்தவர்கள் ஸ்பானியர்தான் அவனைக் கொன்றார்கள் என்று எண்ணிப் போக்குவரத்தை நிறுத்திவிட்டார்கள். 1804இல் குவாமிலிருந்து லூயிஸ் டி தொறெஸ் என்பவர் கப்பலில் கரோலின் தீவுகளுக்குப் போய், நடந்தது கொலையல்ல என்று விளங்கப்படுத்திய பிறகே வள்ளங்கள் மறுபடி வடக்கே வரத் தொடங்கின. சில வருடங்களில் அந்தப் பாதையின் அருமை தெரிந்தது. 1815 அளவில் பெரும் சூறாவளியொன்று தீவுகளை அழித்தது. சத்தவாலைச் சேர்ந்த அகுருப் என்ற தலைவன் தன் சனங்களைக் கூட்டிக்கொண்டு குவாமையும் தாண்டியுள்ள சைப்பானுக்கு வந்து குடியேறினான். சைப்பான் அப்போது ஏறக்குறைய வெறுமையாக இருந்தது. அங்கிருந்த சமோறோக்களை ஸ்பானியர் ஏற்கனவே குவாமுக்குப் பெயர்த்துவிட்டிருந்தார்கள். துரத்தப்பட்ட ஒரு சனத்தின் நிலத்தில் இடம்பெயர்ந்த இன்னொரு சனம் வந்து அடுப்பு மூட்டியது. அகுருப்பை இன்றும் கொண்டாடுகிறார்கள். அதில் தவறில்லை. ஆனால் அந்த வெறுமை எப்படி உண்டானது என்பதையும் சேர்த்தே சொல்லவேண்டும்.

பிறகு ஆட்சிகள் மாறின. 1899இல் ஸ்பெயின் இத்தீவுகளை ஜேர்மனிக்கு விற்றது. 1914இல் யப்பான் பிடித்தது. இரண்டாம் உலகப்போருக்குப் பின் அமெரிக்கா. தூரப் பயணங்கள் தடுக்கப்பட்டன, தேவையும் குறைந்தது. கிறிஸ்தவம் வந்தபின் ப்வோ சடங்கு நின்றது. இதற்கிடையில் வெளியுலகத்து அறிஞர்களிடையே ஒரு விவாதம் நடந்தது. பசுபிக் தீவுகளில் மனிதர்கள் எப்படிக் குடியேறினார்கள்? 1947இல் தோர் ஹெயர்டால் கொன்-ரிக்கி என்ற தெப்பத்தில் தென்னமெரிக்காவிலிருந்து மிதந்து வந்து, காற்றும் நீரோட்டமும் கொண்டுவந்ததென்று நிறுவ முயன்றார். 1956இல் அன்ட்ரூ ஷார்ப் என்ற நியூசிலாந்து வரலாற்றாசிரியர், கருவிகளின்றி நெடுந்தூரம் போய்த் திரும்பி வருவது முடியாத காரியம், வழிதவறி ஒதுங்கியவர்கள்தான் அத்தீவுகளில் குடியேறினார்கள் என்று எழுதினார். அதாவது, அம்மக்கள் தம் தீவுகளைக் கண்டுபிடிக்கவில்லை, தீவில் முட்டிக்கொண்டார்கள். 1769இல் ரயாத்தேயா தீவின் துப்பாயா கப்டன் குக்கின் கப்பலில் ஏறி, ஆயிரக்கணக்கான மைல்களுக்கு அப்பாலும் தாஹிற்றி இருக்கும் திசையைக் கையால் காட்டிக்கொண்டே வந்த செய்தி ஏட்டில் இருந்தபோதுதான் இப்படி எழுதப்பட்டது.

புத்தகத்தால் மறுக்கமுடியாததைக் கடலில்தான் மறுக்கவேண்டியிருந்தது. 1969இல் டேவிட் லூயிஸ் என்ற வைத்தியர் தன் பாய்க்கப்பலைப் புலுவத்துக்குக் கொண்டுபோய், வெரியெங் பிரிவைச் சேர்ந்த ஹிப்பூர் என்ற மீகாமனிடம் ஒப்படைத்தார். திசைகாட்டியும் மற்றக் கருவிகளும் ஒளித்துவைக்கப்பட்டன. ஹிப்பூர் போகவேண்டியது சைப்பானுக்கு. அவன் வாழ்நாளில் யாரும் வள்ளத்தில் போகாத பாதை அது. அவன் கையிலிருந்தது பரம்பரையாக வந்த நட்சத்திர வரிசை மட்டுமே. போனான், திரும்பியும் வந்தான். அடுத்த வருடமே சத்தவால் ஆட்கள் கப்பலின்றித் தங்கள் வள்ளத்திலேயே சைப்பானுக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

அதே சத்தவாலில் 1932இல் பிறந்தவர் மவ் பியாய்லுக். கைக்குழந்தையாக இருக்கும்போதே பாட்டனார் அவரைக் கடற்குழிகளில் இறக்கி, அலையின் இழுப்பை உடம்பால் உணரவைத்தாராம். பதினெட்டு வயதளவில் ப்வோ பெற்றார். 1973இல் ஹவாயில் ஒரு சங்கம் தொடங்கி, பழைய முறையில் ‘ஹொக்குலேஆ’ என்ற இரட்டை வள்ளத்தைக் கட்டினார்கள். (இவ்வகை வள்ளத்துக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயர் எங்கள் ‘கட்டுமரம்’ என்ற சொல்லிலிருந்து போனது, பொருள் வேறாகிவிட்டது.) வள்ளம் இருந்தது, ஓட்ட ஆளில்லை. ஹவாயில் அக்கலை செத்து நெடுங்காலம். பல ஆயிரம் கிலோமீற்றர் தள்ளி, வேறு மொழி பேசும் மவ்வைத்தான் அழைக்கவேண்டியிருந்தது. 1976 மே 1ஆம் திகதி மாவுயித் தீவிலிருந்து புறப்பட்ட ஹொக்குலேஆவை, தான் ஒருபோதும் போயிராத கடலில், ஜூன் 4ஆம் திகதி தாஹிற்றியின் பபெயெற்றே துறைமுகத்தில் அவர் சேர்த்தார். கரையில் ஆயிரக்கணக்கான சனம். ஷார்ப்பின் வாதம் அத்துடன் முடிந்தது.

ஆனால் கதையின் கசப்பான பகுதியைப் பலர் எழுதுவதில்லை. அந்தப் பயணத்தில் ஆட்களுக்கிடையே சண்டையும் முரண்டும் நிறைய. மனம் வெறுத்த மவ், இனித் தன்னைத் தேடவேண்டாம் என்று சொல்லிவிட்டு ஊருக்குப் போய்விட்டார். 1978இல் அவரில்லாமல் புறப்பட்ட ஹொக்குலேஆ கவிழ்ந்தது. உதவி தேடி அலைப்பலகையில் போன எடி ஐகாவு திரும்பவேயில்லை. நைனோவா தொம்சன் என்ற ஹவாய் இளைஞர் மறுவருடம் மவ்வைத் தேடிப்போய்க் கற்பிக்கும்படி கேட்டார். மவ் இணங்கினார். 1980இல் தொம்சன் தாஹிற்றிக்குப் போய்வந்தார். ஹொனலுலுவின் கோளரங்கில் மணிக்கணக்காக வானத்தைச் சுழற்றிப் பார்த்துப் படித்தவர் அவர். பாயும் கற்களும் போய், மின்சாரத்தில் சுழலும் வானம்.

சத்தவாலில் முதியவர்கள் கோபப்பட்டார்கள். சங்கத்தின் சொத்தை வெளியாருக்குக் கொடுத்தது துரோகம் என்றார்கள். இதை வெறும் பிற்போக்கு என்று எழுதிவிடும் வெள்ளைக்காரப் பயண நூல்களோடு எனக்கு உடன்பாடில்லை. அந்த அறிவைத் தவிர வேறு மூலதனம் எதுவும் அத்தீவுகளிடம் இருந்ததில்லை. கொப்பறாவையும் கொண்டுபோனார்கள், நிலத்தையும் கொண்டுபோனார்கள்; மிஞ்சியிருந்தது இது ஒன்று. பூட்டி வைத்திருந்தபடியால்தான் லூயித்தோ வரைக்கும், ஹிப்பூர் வரைக்கும் அது சிதையாமல் வந்தது. இரகசியம் என்று சொன்னால்தான் பையன் கவனமாகக் கேட்பான் என்பதும் உண்மை.

மவ்வின் பக்கத்திலும் நியாயம் இருந்தது. அவருடைய தீவுப் பையன்கள் வேறு தீவுகளிலுள்ள பள்ளிக்கூடங்களுக்குப் போனார்கள். மோட்டார் வள்ளம் வந்தது. மாலையில் கொட்டிலுக்கு வந்து கற்களைச் சுற்றி உட்கார ஆள் குறைந்தது. கேட்க ஆளில்லாத இரகசியத்தைக் காப்பாற்றி என்ன பயன்? சொந்தப் பிள்ளைகள் வராதபோது, கேட்டு வந்த அந்நியனுக்குக் கொடுப்பதா, தன்னோடு குழிக்குள் கொண்டுபோவதா என்ற கேள்விக்கு அவர் தன் வழியில் பதில் சொன்னார். நான் அவர் பக்கம். வல்வெட்டித்துறையில் கட்டி, எம்மவர் மாலுமிகளாகப் போய், 1938இல் அமெரிக்காவின் குளோஸ்டர் துறைமுகத்தை அடைந்த அன்னபூரணியைப் பற்றி நாங்கள் மேடைகளில் பேசிக்கொள்கிறோம். கப்பலின் பெயர் எல்லாருக்கும் தெரியும். எங்கள் தண்டையல்மார் இரவில் வானத்தை எப்படி வாசித்தார்கள் என்று கேட்டால், எங்கள் வீடுகளில் எத்தனை பேரால் சொல்லமுடியும்?

1990இல் லமோற்றெக்கில் பல பத்தாண்டுகளின் பின் ப்வோ சடங்கு மீண்டும் நடந்தது. 2007இல் ஹவாய்க்காரர்கள் நன்றிக்கடனாக ‘அலிங்கானோ மைசு’ என்ற இரட்டை வள்ளத்தைக் கட்டி மவ்வுக்குக் கொடுத்தார்கள். ஹொக்குலேஆவும் சேர்ந்து சத்தவால்வரை போனது. அவ்வருடம் மார்ச் 18ஆம் திகதி, நீரிழிவால் தளர்ந்துபோயிருந்த மவ், தொம்சன் உட்பட ஐந்து ஹவாய்க்காரருக்கும் வேறு பதினொருவருக்கும் ப்வோ கொடுத்தார். வெரியெங்கின் வரலாற்றில் வெளியாள் மீகாமனானது அப்படித்தான். 2010 யூலை 12ஆம் திகதி மவ் சத்தவாலில் காலமானார். 2021இல் யுனெஸ்கோ, கரோலின் மக்களின் வழியறி கலையையும் வள்ளம் கட்டும் கலையையும் உடனடியாகப் பாதுகாக்கவேண்டியவற்றின் பட்டியலில் சேர்த்தது.

மைசு வள்ளத்தை மவ்வின் மகன் செசாரியோ பலாவுக்குக் கொண்டுபோனார். ஒரு காலத்தில் மற்றப் பிரிவுக்காரனின் காதில் விழாமல் குரலைத் தாழ்த்திச் சொல்லிக்கொடுத்த பாடத்தை, அங்கேயுள்ள கல்லூரியில் பெயர் பதிந்து வந்த எல்லாருக்கும் அவர் கற்பித்தார்.